ஒன்பது பத்து பஸ்

காலம் பின்னால் போகிறதா என்று பார்க்க ஓர் ஆய்வு மையம் வேண்டும் என்று தில்லியில் யாருக்கோ தோன்றியபோது, அதைக் காரைக்குடியில் வைக்கச் சொல்லி எழுதினவர் டாக்டர் கோபிநாத். காரணமும் எழுதியிருந்தார். ‘இவ்வூரில் பழைய சாமான் புதுச் சாமானைவிடக் கூடுதல் விலைக்குப் போகிறது. ஆகவே இங்கே காலம் திரும்பிப் போகும் வாய்ப்பு அதிகம்.’ இதைப் படித்துவிட்டு யாராவது ஒருத்தர் சிரித்திருந்தால் அதோடு விஷயம் முடிந்திருக்கும். பாழாய்ப்போனவர்கள், கையெழுத்துப் போட்டுவிட்டார்கள்.

முத்தப்பச் செட்டியார் வீடு வாடகைக்குக் கிடைத்தது. செட்டியார் குடும்பம் சென்னையில். ஒரு தெருவில் முகப்பு வைத்து, அடுத்த தெருவில் கொல்லை முடிகிற வீடு. முன்கட்டு மையத்துக்கு என்றும், பின்கட்டு வீட்டைப் பார்த்துக்கொள்கிற செம்மலைக்கு என்றும் பேச்சு. செம்மலைக்கு அரியக்குடி. காலையில் வந்து சாயங்காலம் போகிறவர், பதினெட்டு வருடமாக. சம்பளம் செட்டியார் கொடுப்பதால் மையத்தின் எந்தக் கோப்பிலும் அவர் பெயர் இல்லை. கோப்பில் இல்லாத ஆள் அவர்கள் கண்ணிலும் பட்டதில்லை.

கொள்கை இதுதான். உலகத்தில் எல்லாம் கலைந்துகொண்டே போகிறது. கோப்பை உடையும், தானாக ஒட்டாது. தூசி படியும், தானாகப் போகாது. அரிசியும் உளுந்தும் கலந்தால் கலந்ததுதான். இந்தக் கலைச்சலுக்கு எண்ட்ரோபி என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அது கூடுகிற பக்கம்தான் காலம் போகிறதாம். ஓர் அறையை முத்திரை வைத்துப் பூட்டி, மனிதக் கை படாமல் விட்டால் அது குறையும், காலம் வந்த வழியே திரும்பும் என்பது கோபிநாத்தின் கட்சி. முன்கட்டின் கடைசி அறையில் மேசை போட்டு, அரிசியும் உளுந்தும் கலந்த தாம்பாளம், உடைத்த கோப்பை, கொஞ்சம் தூசி எல்லாம் வைத்துக் கதவுக்கு அரக்கு முத்திரை குத்தினார்கள். மாதம் ஒரு தடவை திறந்து பார்ப்பார்கள்.

அந்த அறைக்கு இரண்டு கதவு. இரண்டாவது பின்கட்டில் திறக்கும். சுவர் அலமாரிக் கதவும் அறைக் கதவும் ஒரே தேக்கில் ஒரே மாதிரி இருக்கிற வீடு அது. அலமாரி என்று நினைத்துவிட்டார்கள். திறந்து பார்த்திருக்கலாம். ஆனால் அலமாரி திறப்பது உதவியாளர் வேலை, உதவியாளர் பணியிடம் நான்கு வருடமாகக் காலி.

செட்டியாரின் கட்டளை வேறு: வாடகைக்கு விட்டாலும் சரி, பூட்டிக் கிடந்தாலும் சரி, வீட்டில் எந்த அறையும் ஒருநாள்கூடக் கூட்டாமல் கிடக்கக் கூடாது. செம்மலை தினமும் பின்கதவைத் திறந்து உள்ளே போய்க் கூட்டினார். யாரோ விவரம் கெட்டவர்கள் அரிசியையும் உளுந்தையும் ஒன்றாகக் கொட்டிவிட்டார்கள் என்று உட்கார்ந்து பொறுக்கிப் பிரித்துவைத்தார். கோப்பை செட்டியார் வீட்டுக் கோப்பை என்று பயந்து பசை வாங்கிவந்து ஒட்டினார். முதல் மாதம் முத்திரையை உடைத்துத் திறந்த கோபிநாத், அங்கேயே தரையில் உட்கார்ந்து அழுதாராம். மறுபடி கலந்து வைத்தார்கள். மறுபடி பிரிந்தது. நான்கு வருடம். இரண்டு விருது.

வெற்றி வந்தால் சடங்கும் வந்துவிடும். மையத்தில் எல்லாமே பின்னிருந்து முன்னாகத்தான் நடக்க வேண்டும் என்று சுற்றறிக்கை வந்தது. வேலையில் சேருகிறவருக்கு முதல் நாளே சால்வை போட்டுப் பிரிவு உபசாரம். கூட்டத் தீர்மானத்தை எழுதிவிட்டுத்தான் கூட்டம். ஆய்வு முடிவை முதலில் தில்லிக்கு அனுப்பிவிடுவார்கள், ஆய்வு பிறகு சாவகாசமாக. படிவங்களிலும் அப்படித்தான். இயக்குநர் கோபிநாத் வெற்றுத்தாளின் அடியில் ‘சரிபார்த்தேன், உண்மை’ என்று கையெழுத்துப் போட்டுக் கட்டுக்கட்டாகக் கொடுத்துவிடுவார். மேலே என்ன எழுதுவது என்பது நிர்வாக அலுவலர் அழகுராஜாவின் பாடு.

இதெல்லாம் செம்மலைக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளும் நிலையிலும் அவர் இல்லை. போன மாசி மாதம் பன்னிரண்டாம் தேதி அவர் மகள் அனுசுயா செத்துப்போனாள்.

ஒரே பிள்ளை. இருபத்து மூன்று வயது. காளையார்கோவிலில் ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வேலை. காரைக்குடியிலிருந்து ஒன்பது பத்துக்குப் பஸ். தினமும் செம்மலை தன் டி.வி.எஸ். வண்டியில் கூட்டிவந்து, செட்டியார் வீட்டில் வேலையைத் தொடங்கிவிட்டு, எட்டு ஐம்பதுக்குக் கிளம்பி பஸ் ஸ்டாண்டில் விடுவார். அவள் ஜன்னல் ஓரம் இடம் பிடித்துக் கையைக் காட்டின பிறகுதான் வண்டியைத் திருப்புவார். அன்றைக்குத் தாம்பாளம் நிறைய அரிசியும் உளுந்தும் கலந்து கிடந்தன. வழக்கத்தைவிட நாலு மடங்கு.

“அப்பா, வாங்க. பஸ்ஸு போயிரும்,” என்றாள், பின்கதவில் நின்று.

“இம்புட்டையும் கலந்து வச்சிருக்காய்ங்க பாரு. இன்னைக்கு ஒருநா நீயே வண்டிய எடுத்துக்கிட்டுப் போ ஆத்தா. ஸ்டாண்டுல போட்டுரு, நான் எடுத்துக்கிறேன்.”

“வர வர உங்களுக்கு என்னய விட உளுந்துதேன் பெருசாப் போச்சு,” என்று சிரித்துக்கொண்டே தலைக்கவசத்தை மாட்டினாள். திருப்பத்தில் லாரி. தகவல் வந்தபோது செம்மலையின் மடியில் உளுந்து இருந்தது. காவல் நிலையத்தில் திருப்பிக் கொடுத்த தலைக்கவசத்தில் காதோரத்திலிருந்து உச்சி வரைக்கும் ஒரு விரிசல். அதை வீட்டில் வைக்க அவர் மனைவி வீரலட்சுமியால் முடியவில்லை. செம்மலை அதைக் கொண்டுவந்து பின்கட்டில் ஒரு துணியில் சுற்றி வைத்திருந்தார். வண்டியை ஒரு மெக்கானிக் சரிபண்ணிக் கொடுத்தார். ஹேண்டில் மட்டும் இன்னமும் இடது பக்கம் இழுக்கிறது.

எட்டு மாதம் கழித்து, ஐப்பசியில் மையத்தின் ஆண்டு விழா. பின்கட்டு ஆள் என்பதால் நாற்காலி போடச் செம்மலையைக் கூப்பிட்டிருந்தார்கள். முதலில் நன்றியுரை. பிறகு சாப்பாடு, இலையில் முதலில் வெற்றிலை பாக்கு, அப்புறம் மோர், ரசம், குழம்பு, கடைசியில் இலைக்குத் தண்ணீர் தெளித்தார்கள். அதற்குப் பிறகு கோபிநாத் பேசினார்.

“நண்பர்களே, நான் பொறுப்பேற்றபோது இந்த மையத்தில் முப்பத்தெட்டு விஞ்ஞானிகள். இன்று மூன்று பேர். இதையே ஒழுங்கின்மை குறைந்ததற்கு முதல் சான்றாகத் தில்லி ஏற்றுக்கொண்டுள்ளது. எங்களை ஆதாரம் கேட்கிறார்கள். விருது வந்துவிட்டது, ஆதாரம் வராமலா போகும்? முன்கட்டின் அந்தக் கடைசி அறையில் நான்கு ஆண்டுகளாக ஒரு மனிதக் கை பட்டதில்லை. பட்டால் காலம் கூசி நின்றுவிடும். கை படாமல் விட்டதால், அங்கே உடைந்தது கூடுகிறது. போனது திரும்புகிறது.”

நாற்காலிகளுக்குப் பின்னால் நின்ற செம்மலைக்கு மற்றதெல்லாம் காதில் ஏறவில்லை. போனது திரும்புகிறது. அந்த அறையில். கை படாமல் விட்டால்.

விழா முடிந்து, கைகழுவிக்கொண்டிருந்த அழகுராஜாவிடம் போய் நின்றார்.

“சார், ஐயா சொன்னாகள்ல. இப்ப எம்புட்டுத் தூரம் பின்னால போயிருக்கு?”

“அது மெதுவாத்தேன்ணே போகும்.”

“போன மாசி வரைக்கும் வந்துருமா?”

அழகுராஜாவுக்கு ஏப்பம் வந்தது. “இந்த வேகத்துல போனா, வர்ற மாசிக்குள்ள போன மாசி வந்துரும்ணே,” என்றார். விளையாட்டுக்குச் சொன்னதுதான். எதற்கு மாசி என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம், ஐயா. ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

அன்று சாயங்காலம் செம்மலை பின்கட்டில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். நான்கு வருடமாகத் தன் கை அந்த அறையில் தினமும் பட்டிருக்கிறது. காலம் கூசிக் கூசி நின்றிருக்கும். இல்லையென்றால் இந்நேரம் பிள்ளை வந்திருப்பாள். தன் பிள்ளை வராததற்கும் தானேதான் காரணம் என்று நினைத்து, அந்த மனுஷன் விளக்குமாற்றைக் கட்டிக்கொண்டு அழுதார்.

மறுநாள் தலைக்கவசத்தைக் கொண்டுபோய் மேசையின் ஓரத்தில் வைத்தார். ஒரு நூலை எடுத்து விரிசலின் நீளத்தை அளந்து முடிச்சுப் போட்டுக்கொண்டார். அதற்குப் பிறகு கூட்டவில்லை, உளுந்து பொறுக்கவில்லை. காலையில் பின்கதவைத் திறந்து, மூச்சை அடக்கி, தலைக்கவசத்தைத் தொடாமல் நூலை மட்டும் மேலே பிடித்துப் பார்ப்பார். அவ்வளவுதான். பிள்ளையை அவருக்கு முழுசாகக்கூட வேண்டாம். அந்த எட்டு ஐம்பது திரும்பி வந்தால் போதும். தாம்பாளத்தை அப்படியே போட்டுவிட்டு எழுந்து போவார். கார்த்திகையில் ஒருநாள் நூலைவிட விரிசல் ஒரு நெல் அளவு குறைவாகத் தெரிந்தது. வீட்டுக்குப் போய் வீரலட்சுமியிடம், “ஒண்ணுமில்ல, கொஞ்சம் பசிக்கிது,” என்றார். ஒன்பது மாதத்தில் அவர் பசிக்கிறது என்று சொன்னது அன்றைக்குத்தான். அவள் இன்னொரு உலை வைத்தாள்.

மையத்தில் இடி விழுந்திருந்தது. முத்திரையை உடைத்தால் அறையெல்லாம் தூசி. உளுந்து கலந்தது கலந்தபடி. தூசியை எடைபோடுகிற தராசு பழுது என்றார் கோபிநாத். அடுத்த மாதமும் தூசி. தராசைக் கழித்துக்கட்டி வேறு வாங்கினார்கள். அதிலும் தூசி. மேசை மேல் விரிசல் விட்ட தலைக்கவசம் ஒன்று இருப்பதைப் பார்த்த கோபிநாத், அழகுராஜா வைத்திருப்பார் என்று நினைத்தார். அழகுராஜா, இயக்குநர் வைத்திருப்பார் என்று நினைத்தார். கேட்டால் தனக்குத் தெரியாது என்பது தெரிந்துவிடுமே, இரண்டு பேரும் கேட்கவில்லை. ‘தலைக்கவசம், விரிசலுடன், ஒன்று’ என்று பதிவேட்டில் ஏறியது. மாசியில் தில்லிக் குழு வருகிறது என்றதும், வழக்கப்படி முடிவை முன்கூட்டியே எழுதி அனுப்பினார்கள்: ‘தலைக்கவசத்தின் விரிசல் முற்றிலும் மறைந்தது.’

இனி மறைய வேண்டியதுதான் பாக்கி. குழு வருவதற்கு முந்தைய நாள் அழகுராஜா கதவைச் சாத்திக்கொண்டு தன் கையாலேயே தூசி துடைத்தார். உளுந்தைக் கொட்டிவிட்டுக் கடையில் வாங்கிய அரிசி ஒரு பக்கம், உளுந்து ஒரு பக்கம் வைத்தார். அதே சிவப்பில், அதே அளவில் ஒரு புதுத் தலைக்கவசம் வாங்கிவந்து மேசையில் வைத்துவிட்டு, பழையதை ஒரு சாக்கில் போட்டு ஆபீஸ் மூலையில் தள்ளினார்.

மறுநாள் காலை எட்டரைக்குச் செம்மலை பின்கதவைத் திறந்தார்.

தூசி இல்லை. யாரும் கூட்டாமல் தூசி இல்லை. உளுந்து தனியாக, அரிசி தனியாக. இடுப்பிலிருந்து நூலை எடுத்துக்கொண்டு மேசைக்குப் போனார். நூலை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. விரிசலே இல்லை. மறுபக்கம் போய்ப் பார்த்தார். இல்லை. சுவர்க் கடிகாரத்தில் எட்டு முப்பத்தைந்து.  எட்டு ஐம்பதுக்கு இன்னும் கால் மணி நேரம் இருக்கிறது. ஆனால் பிள்ளை பின்கதவில் இல்லை, அப்படியானால் இன்னும் வீட்டில் கிளம்பிக்கொண்டிருப்பாள்.

இடது பக்கம் இழுக்கிற வண்டியில் அரியக்குடிக்கு அவர் எப்படிப் போனார் என்று அவருக்கே தெரியாது. குழாயடியில் குடத்தோடு நின்ற வீரலட்சுமியைத் தாண்டி வீட்டுக்குள் பார்த்துக் கூப்பிட்டார்.

“ஆத்தா, கிளம்பிட்டியா? இந்தா வந்துட்டேன். ஏறு, நான் கொண்டாந்து விடுறேன்.”

வீட்டுக்குள் ஒருவரும் இல்லை. கொடியில் வீரலட்சுமியின் சேலை மட்டும் காய்ந்தது.

வீரலட்சுமி குடத்தை இறக்கிவைத்தாள். “யாரைங்க கூப்புடுறீக?”

அவர் எல்லாவற்றையும் சொன்னார். ஆண்டு விழா, காலம், கூட்டாமல் விட்டது, நூல், விரிசல். அவள் திட்டவில்லை. பைத்தியமா உங்களுக்கு என்று கேட்கவும் இல்லை. முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு வண்டியில் ஏறி உட்கார்ந்தாள். “எனக்கும் காட்டுங்க,” என்றாள்.

அவர்கள் பின்கதவைத் திறந்துகொண்டு நுழைந்தபோது அறைக்குள் தில்லிக் குழு நின்றது. குழுத் தலைவி சந்திரலேகா அம்மையார் அப்போதுதான் கைதட்டி முடித்திருந்தார். அலமாரிக்குள்ளிருந்து ஒரு கணவனும் மனைவியும் வெளியே வந்ததைப் பார்த்து, நான்கு வருடத்தில் முதல் தடவையாகக் கோபிநாத் ஒரு விஞ்ஞானியைப் போல வாயடைத்து நின்றார்.

வீரலட்சுமி யாரையும் பார்க்கவில்லை. நேரே போய்த் தலைக்கவசத்தை இரண்டு கையாலும் தூக்கி, உள்பக்கத்தில் முகத்தை வைத்து மோந்தாள். 

“இது எம்புள்ளது இல்லைங்க,” என்றாள் புருஷனிடம். “எண்ணெ வாசன இல்ல. கடை வாசன அடிக்கிது. இதுல அவ தல இருந்ததே இல்ல.”

“யாரம்மா நீங்கள்? எப்படி உள்ளே வந்தீர்கள்?” என்றார் கோபிநாத்.

“இந்தக் கதவு வழியாத்தேன்யா,” என்றார் செம்மலை. “நாலு வருசமா இதுலதேன் வாரேன். தெனம் கூட்டுவேன். அரிசி உளுந்தப் பொறுக்கி வைப்பேன். கோப்பைய ஒட்டுனதும் நான்தேன். கை படக்கூடாதுன்னு ஐயா பேசுனீகல்ல, அன்னைலேர்ந்து நிறுத்திட்டேன். மன்னிக்கணும். அதுக்கப்புறம் எதையும் தொடலைங்க. ஏன் இன்னும் வரலைன்னு மட்டும் சொல்லுங்க.”

 தூசி ஏன் குறைந்தது, ஏன் கூடியது என்று எல்லோருக்கும் ஒரே நேரத்தில் புரிந்துகொண்டிருந்தது. அழகுராஜா மெதுவாக வெளியே போய், சாக்கிலிருந்து பழைய தலைக்கவசத்தை எடுத்துவந்து வீரலட்சுமியின் கையில் கொடுத்தார். அவர் தலை நிமிரவில்லை. செம்மலை அந்த விரிசலைப் பார்த்தார். நூலை வைத்து அளக்கத் தேவையில்லை, அப்படியேதான் இருந்தது.

“அப்ப ஒண்ணே ஒண்ணு கேக்குறேன்யா,” என்றார். “அந்த உளுந்து. அத நான் பொறுக்காம அப்படியே விட்டிருந்தா, ஏதும் கெட்டுப் போயிருக்குமா?”

“எதற்குக் கெட வேண்டும்? கலக்க வேண்டும் என்றே கலந்து வைத்ததுதானே,” என்றார் கோபிநாத். “கடந்த மாசியில் பரிசோதனையைக் கடினமாக்க நான்கு மடங்கு கலக்கச் சொன்னேன்.”

செம்மலை தலையை ஆட்டினார். வேண்டுமென்றே கலந்தது. அதைப் பொறுக்கத்தான் அவர் உட்கார்ந்திருந்தார்.

குழு அரை மணி நேரம் தனியாகக் கூடிப் பேசியது. பிறகு சந்திரலேகா அம்மையார் தீர்ப்பைச் சொன்னார். “கொள்கை தவறு என்றால், அதை நான்கு முறை பாராட்டிய இந்தக் குழுவும் தவறு என்று ஆகும். குழு தவறு செய்ய விதிமுறைகளில் இடமில்லை. மேலும் எங்கள் அறிக்கை சென்ற வாரமே அச்சாகிவிட்டது. இந்த அறையில் எண்ட்ரோபி குறைந்தது உண்மை. அது இவர் இருந்தால் குறைகிறது, இல்லாவிட்டால் கூடுகிறது. எனவே இவர் பரிசோதனைக்கு இடையூறு அல்ல, பரிசோதனையின் கருவி.”

மறுநாளே செம்மலை மையத்தின் கோப்பில் ஏறினார். ஆட்கள் பட்டியலில் இடமில்லை என்பதால் சாமான் பதிவேட்டில், தராசுக்கும் மின்விசிறிக்கும் நடுவில்: ‘காலத் திருப்பி, ஒன்று.’ கருவி தினமும் எட்டரைக்கு இயங்கத் தொடங்க வேண்டும் என்று ஆணை. செம்மலை மாட்டேன் என்று சொல்லவில்லை. விளக்குமாற்றை எடுத்துக்கொண்டார். வேறு என்ன தெரியும் அவருக்கு?

ஆனால் எட்டரைக்கு வந்த ஆள் எட்டு ஐம்பதுக்கு எழுந்து வெளியே போனார். தாம்பாளத்தில் உளுந்து பாதி பொறுக்கினபடி கிடந்தது. ஒன்பதரைக்குத்தான் திரும்பினார். மறுநாளும் அப்படி, அதற்கு மறுநாளும் அப்படி. கருவி நடுவில் நாற்பது நிமிடம் நின்றுபோனால் விளக்கம் எழுதித் தில்லிக்கு அனுப்ப வேண்டும். அழகுராஜா பேனாவோடு பின்கட்டுக்கு வந்தார். முகப்பு வழியாக வராமல், தெருவைச் சுற்றிக்கொண்டு கொல்லை வழியாக.

வண்டி நின்றுகொண்டிருந்தது. பின் இருக்கையில், சேலை முந்தானையிலிருந்து கிழித்த துணியால் பத்திரமாகக் கட்டிவைத்த சிவப்புத் தலைக்கவசம்.

“எங்கண்ணே போயிட்டு வாரீக?”

“எம்புள்ளைய பஸ் ஏத்தி விட்டுட்டு வாரேன் சார்,” என்றார் செம்மலை. “ஒம்பது பத்து. ஜன்னல் ஓரம் எடம் கெடச்சிருச்சு.”

அழகுராஜா கையிலிருந்த படிவத்தைப் பார்த்தார். அடியில் வழக்கம்போல இயக்குநரின் கையெழுத்து ஏற்கெனவே இருந்தது. சரிபார்த்தேன், உண்மை. அவர் கொல்லைப் படியில் உட்கார்ந்து, மேலே இருந்த கட்டத்தில் செம்மலை சொன்னதை அப்படியே எழுதினார்.  அன்றிலிருந்து தினம் ஒரு படிவம் தில்லிக்குப் போகிறது.

அங்கே அந்தக் கோப்பைப் படிக்கிறவர் யாரும் இல்லை. என்றைக்காவது எவராவது எடுத்துப் படித்தால், விடுமுறை நாள் தவிர ஒருநாள் தப்பாமல், அனுசுயா காலை ஒன்பது பத்து பஸ்ஸில் ஏறிக் காளையார்கோவிலுக்கு வேலைக்குப் போய்க்கொண்டிருப்பது அவருக்குத் தெரியவரும்.